இரண்டாவது காதல் என்று ஒன்று உண்டா, இல்லை அது சமாளிப்பா?

தொண்டிப் பெண் கேட்டது
ஏப்ரல் 16, 2025

காதல் ஒருவருக்கு ஒருமுறைதான் வரும். அப்புறம் வருவதெல்லாம் துணை, பாதுகாப்பு, ஊர் வாயை அடைக்க ஓர் ஏற்பாடு. எனக்கு 29 வயது. நாலு வருடம் பழகியவர் போன வருடம் விட்டுவிட்டுப் போனார். இப்போது ஒருவர் நல்லவராகத் தெரிகிறார். தெரிகிறார் என்பதுதான் பயமே. முன்னவரும் அப்படித்தான் தெரிந்தார். மறுபடி இறங்கியவர்கள் யாராவது இருந்தால் சொல்லுங்கள், தைரியம் எங்கிருந்து வந்தது? தத்துவம் வேண்டாம்.

அக்காள்மடத்துக்காரியின் பதில்கள்

ஏப்ரல் 17, மாலை

இறங்கியவள் என்று சொல்லிக்கொள்ள முடியாது. முழங்கால் தண்ணீரில் நிற்கிறேன். இருந்தாலும் எழுதுகிறேன், ஏனென்றால் நேரம் இருக்கிறது. பாம்பனில் ஒரு ஐஸ் கம்பெனியில் கணக்கு எழுதுகிறேன். நேற்று முன்தினம் மீன்பிடித் தடைக்காலம் தொடங்கிவிட்டது. ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகு எதுவும் போகாது. நாட்டுப்படகுக்காரர்கள் வந்து அரைக்கட்டி, கால்கட்டி ஐஸ் வாங்குவதோடு சரி.

என் கதை சுருக்கமாக. எனக்கு 38 வயது. 2007-ல் ராமநாதபுரத்துக்குக் கல்லூரி போய்வந்த பேருந்தில் பழக்கம். 2010-ல் அவர் துபாய் கிளம்பினார். ஏஜெண்டுக்குக் கட்டப் பணம் குறைந்தது. என் மூன்று பவுன் சங்கிலியைக் கேட்டார், கழற்றிக் கொடுத்தேன், அடகுக்குப் போனது. 2014 தை மாதம் பாம்பன் பேருந்து நிறுத்தத்தில் அவருடைய கல்யாண ஃப்ளெக்ஸைப் பார்த்தேன். கோட் சூட்டில் அவர், பக்கத்தில் அவருடைய அத்தை மகள். கீழே வாழ்த்துவோர் வரிசையில் முப்பது முகங்கள். மூன்றாவது முகம் என் சித்தி மகன், கூலிங்கிளாஸ் போட்டுக்கொண்டு. அதுவரை எனக்கு ஒன்றும் தெரியாது.

சங்கிலி ஏலத்தில் போய்விட்டது. அதற்குப் பிறகு என்னைப் பெண் பார்க்க ஆறு பேர் வந்தார்கள். ஆறு பேருக்கும் வேண்டாம் என்றேன். ஏழாவது ஆள் பெண் பார்க்க வரவில்லை, ஐஸ் வாங்க வந்தார்.

ஏப்ரல் 18

ஒரே நாளில் பதினாலு பதில், அதில் ஒன்பதில் கடல். ‘அலை ஓய்ந்து தலை முழுக முடியுமா’, ‘புயலுக்குப் பிறகு அமைதி’, ‘வலை கிழிந்தால் மீனவன் கடலையா விடுகிறான்’. கடலோரத்தில் இருக்கிறோம் என்பதற்காக இப்படியா? இன்றிலிருந்து கடல் உவமை ஒன்றுக்குப் பத்து ரூபாய் அபராதம். நேற்று நான் சொன்ன முழங்கால் தண்ணீருக்கும் சேர்த்து என் பெயரில் பத்து எழுதிக்கொள்ளுங்கள்.

ஏப்ரல் 19

ஐஸ் வாங்க வந்தவர் யார் என்று கேட்டிருக்கிறீர்கள்.

புது ரயில் பாலத்துக்கு வெல்டிங் வேலைக்கு வந்தவர். ஊர் அரியலூர்ப் பக்கம், வயது 43, விவாகரத்தானவர். 2023 மே மாதம் வெயில் மண்டையைப் பிளக்கிற நேரத்தில் தள்ளுவண்டியோடு வந்து அரைக்கட்டி கேட்டார். எதற்கு என்றேன். குடிதண்ணீர் டிரம்முக்கு என்றார். “இது மீனுக்குப் போடுற ஐஸ், தண்ணிக்குள்ள போடாதீங்க.” “உள்ள போடலைங்க, சாக்குல வச்சு டிரம்ம சுத்திக் கட்டப் போறேன்.” சரி, விவரமான ஆள். அப்புறம் பில் கேட்டார். அரைக்கட்டி ஐஸுக்குப் பில் கேட்ட மனிதரை நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

மறுநாள் வந்தவர் கட்டியை வெயிலில் திருப்பிப் பார்த்துவிட்டு, “ஓரமெல்லாம் கண்ணாடி மாதிரி இருக்கே, நடுவுல மட்டும் ஏன் வெள்ளையா இருக்கு?” என்றார். பதினைந்து வருடமாக அங்கே உட்கார்ந்திருக்கிறேன், ஒருவரும் கேட்டதில்லை. சொன்னேன். தகர டப்பாவில் நல்ல தண்ணீரை ஊற்றி உப்புத் தண்ணீர்த் தொட்டிக்குள் இறக்குவோம். உப்பு இருப்பதால் தொட்டித் தண்ணீர் பூஜ்யம் டிகிரிக்குக் கீழே போனாலும் உறையாது, டப்பாவுக்குள் இருப்பது மட்டும் உறையும். உறைவது டப்பாவின் சுவரோரத்தில்தான் தொடங்கும். தண்ணீரில் கரைந்திருக்கும் காற்றும் தாது உப்பும் உள்ளே தள்ளப்பட்டுக்கொண்டே போய் கடைசியில் நடுவில் மாட்டிக்கொள்ளும். அந்த வெள்ளை அதுதான்.

பத்து நிமிடம் பேசியிருப்பேன். அவர் குறுக்கே பேசவில்லை, போனை எடுத்துப் பார்க்கவில்லை. பதிலுக்குப் பாலத்தைப் பற்றிச் சொன்னார். 1914-ல் திறந்த பழைய பாலம் இரண்டு கை விரிப்பது போலத் திறக்கும், புதியதில் நடுவில் இருக்கும் 72.5 மீட்டர் துண்டு அப்படியே 17 மீட்டர் மேலே ஏறும், கப்பல் அடியில் போகும். நானும் குறுக்கே பேசவில்லை.

அன்று இரவு தூக்கம் வரவில்லை. சந்தோஷத்தில் இல்லை. ஐயோ, மறுபடியுமா என்று.

ஏப்ரல் 19, இரவு

விட்டுப்போனது: இந்த மாதம் 6-ம் தேதி பாலத்தைத் திறந்துவிட்டார்கள். 12-ம் தேதி அவர் மகாராஷ்டிராவுக்கு அடுத்த வேலைக்குக் கிளம்பிவிட்டார். “பாலம் முடிஞ்சதும் போயிருவான்” என்று இரண்டு வருடமாக ஊர் சொன்னது. போய்விட்டார்தான். அவர் என்ன தூணா, இங்கேயே நிற்க?

(பால உவமைக்கு அபராதம் கிடையாது.)

ஏப்ரல் 23

தொண்டிப் பெண்ணின் ‘ஒருமுறைதான்’ என்ற பேச்சுக்கு வருகிறேன்.

என் அம்மாச்சி தனுஷ்கோடிக்காரி. 1964 டிசம்பர் 22 இரவுப் புயலில் அவளுடைய வீட்டுக்காரர் போய்விட்டார். படகைப் பார்த்துவிட்டு வருகிறேன் என்று போனவர். உடல் கிடைக்கவில்லை. அம்மாச்சி மணல் மேட்டில் ஏறிப் பிழைத்தாள். அதற்குப் பிறகு தனுஷ்கோடி குடியிருக்க ஏற்ற இடமில்லை என்று அரசாங்கமே சொல்லிவிட்டது. தங்கச்சிமடம் வந்து சேர்ந்தாள். 1967-ல் ஒருவரைக் கட்டிக்கொண்டாள். அவரும் அதே இரவில் பெண்டாட்டியைப் பறிகொடுத்தவர். அவர்தான் என் தாத்தா.

அம்மாச்சி தாத்தாவோடு சண்டை போடுவாள், அவர் மடியில் தலை வைத்துப் படுப்பாள், அவர் காய்ச்சலில் கிடந்தால் சோறு இறங்காது அவளுக்கு. இதைச் சமாளிப்பு என்று யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வரும். ஆனால் ஒவ்வொரு டிசம்பர் 22-ம் தேதியும் முரல் மீன் பொரிப்பாள். முரல் கிடைக்காவிட்டால் கிடைத்த மீன். முதல் ஆளுக்குப் பொரித்த மீன் பிடிக்கும், தாத்தாவுக்குக் குழம்பு மீன்தான் வேண்டும். அன்றைக்கு மட்டும் தாத்தா குழம்பு கேட்க மாட்டார். பொரித்ததைச் சாப்பிட்டுவிட்டுக் கை கழுவிக்கொண்டு போய்விடுவார்.

யாரை ரொம்பப் பிடிக்கும் என்று சின்ன வயதில் ஒருமுறை கேட்டேன். “ரெண்டு சட்டியும் எங்கிட்டத்தானே இருக்கு” என்றாள். இரண்டாவது என்று ஒன்று இல்லாமல் இருந்திருந்தால் இந்தப் பதிலை எழுத ஆள் கிடையாது.

ஏப்ரல் 24

தேவிபட்டினத்துத் தம்பி ஒருவர் எழுதியிருக்கிறார்: “அதே புயலில் உடைந்த பாம்பன் பாலத்தை ரயில்வே பொறியாளர் ஸ்ரீதரன் 46 நாளில் சரிசெய்தார். உங்களுக்கு ஏன் அக்கா பதினோரு வருடம்?”

பாலத்துக்கு அடகுச் சீட்டு கிடையாது தம்பி.

ஏப்ரல் 30

மனம் உடைந்தால் நெஞ்சு நிஜமாகவே வலிக்குமா என்று கேள்வி. எனக்கு 2014-ல் வலித்தது. ராமநாதபுரம் போய் ஈசிஜி எடுத்தோம். வாயு. பத்து நாள் சோறு தின்னாமல் டீயாகக் குடித்தால் வேறென்ன வரும்?

ஆனால் அப்படி ஒரு நோய் உண்மையிலேயே உண்டு. நர்ஸாக இருக்கும் தோழி சொன்னாள், அப்புறம் நானும் படித்தேன். பெரிய துக்கமோ அதிர்ச்சியோ தாக்கும்போது இதயத்தின் இடது கீழறை பலூன் போல உப்பிப் பலவீனமாகிவிடும். பார்த்தால் மாரடைப்பு மாதிரியே இருக்கும், ஆனால் அதற்குக் காரணமான ரத்தக்குழாய் அடைப்பு இருக்காது. மாதவிடாய் நின்ற பெண்களுக்குத்தான் அதிகம் வருகிறது. பெரும்பாலோருக்குச் சில வாரங்களில் இதயம் பழையபடி ஆகிவிடும். 1990-ல் ஜப்பான் மருத்துவர்கள் இதற்கு டாகோட்சுபோ என்று பெயர் வைத்தார்கள். அது அங்கே பேய்க்கணவாய் (ஆக்டோபஸ்) பிடிக்கிற பானையின் பெயர், உப்பிய இதயம் அந்த வடிவத்தில் இருக்கிறதாம்.

நம் வடகடல் பக்கமும் சங்கு ஓட்டைக் கயிற்றில் கட்டிக் கடலில் போட்டுப் பேய்க்கணவாய் பிடிப்பார்கள். பொந்து கிடைத்தது என்று அதுவாகவே போய் உள்ளே உட்கார்ந்துகொள்ளும். இதை உவமையாக்கத் துடிக்கிறவர்கள் முதலில் பத்து ரூபாயை எடுத்து வைக்கவும்.

நெஞ்சு வலித்தால் காதல் என்று உட்கார்ந்திருக்காமல் ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.

மே 4

ஒரு திருத்தம். ஏப்ரல் 17-ல் ‘சங்கிலியைக் கேட்டார்’ என்று எழுதினேன். அவர் கேட்கவில்லை. பணம் குறைகிறது என்று சொன்னார், நானாகத்தான் கழற்றினேன். வேண்டாம் என்றுகூட இரண்டு தடவை சொன்னார். நான் கையில் திணித்தேன்.

பதினோரு வருடமாகச் சொல்லிச் சொல்லி ‘கேட்டார்’ என்றே ஆகிவிட்டது. அம்மாவிடமும் அப்படித்தான் சொல்லியிருக்கிறேன். திருப்பித் தராதது அவர் தப்பு, அதில் மாற்றமில்லை.

மே 5

“அப்படியென்றால் அவர் அவ்வளவு கெட்டவர் இல்லையோ?” இல்லை, கெட்டவர்தான். நான் நினைத்த அளவுக்குக் கெட்டிக்காரர் இல்லை.

மே 9

ஓய்வுபெற்ற தமிழாசிரியர் ஒருவர் எழுதியிருக்கிறார்: கடலும் கடல் சார்ந்த இடமும் நெய்தல், அதற்கு உரிப்பொருள் இரங்கல், பொழுது எற்பாடு. ஆக, சாயங்காலம் கடற்கரையில் உட்கார்ந்து வருந்துவது நம் மண்ணுக்கு இலக்கணமே விதித்தது என்கிறார்.

ஐயா, சாயங்காலம் எங்கள் கம்பெனி வாசலில் வந்து நில்லுங்கள். மீன் ஏலம் எடுக்கும் பெண்கள் போடுகிற சத்தத்தில் இரங்க இடம் கிடைக்காது. அந்தப் பெண்களில் பாதிப் பேரை எனக்குத் தெரியும். புருஷன் குடித்துச் செத்தவள், புருஷன் ஓடிப்போனவள், புருஷனை ஓடவிட்டவள். ஒருத்தி 46 வயதில் போன வருடம் கட்டிக்கொண்டாள். ஏன் அக்கா என்று கேட்டால், “ராத்திரி பெட்டி இறக்க ஒரு கை குறையுதுன்னு நினைச்சேன், அப்புறம் பாத்தா அந்த ஆளு பாட்டும் நல்லாப் பாடுறாக” என்றாள்.

தொண்டிப் பெண்ணே, நீ சொன்ன ‘ஏற்பாடு’ இப்படியும் தொடங்கும். அவளுக்குப் பாட்டு பின்னால்தான் கேட்டது.

மே 13, இரவு 1.40

இரண்டு நாளாக மகாராஷ்டிரா போனவரிடமிருந்து போன் இல்லை. அடித்தால் அணைத்து வைக்கப்பட்டுள்ளது என்று வருகிறது. கடைசியாக ஞாயிற்றுக்கிழமை காலையில் பேசினார், சரியாகத்தான் பேசினார். சரியாகத்தானா என்று நாற்பது தடவை யோசித்துவிட்டேன். ‘வைக்கட்டுமா’ என்று வழக்கத்தைவிடச் சீக்கிரம் கேட்டாரோ?

இத்தனை நாள் இங்கே பெரிய மனுஷி மாதிரி எழுதினேனே, எல்லாவற்றையும் அழித்துவிடலாமா என்று இருக்கிறது. யாரும் ஆறுதல் எழுதாதீர்கள். சும்மா எழுதி வைக்கிறேன்.

மே 14

விடிந்ததும் இங்கே பாலத்தில் அவரோடு வேலை பார்த்த ஃபிட்டரைப் பிடித்து, அவர் மூலமாக இன்னொருவரைப் பிடித்து, அங்கே இருக்கும் ஒருவரின் எண்ணை வாங்கி, காலை ஆறு மணிக்கு அடித்தேன். அவரே லைனுக்கு வந்தார். போன் சாரத்திலிருந்து கீழே விழுந்து சிதறிவிட்டதாம்.

“யார் போன்லயாவது ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே?”
“உங்க நம்பர் மனப்பாடம் இல்லைங்க.”

கத்தினேன். தொட்டி மோட்டார் சத்தத்தையும் மீறிக் கத்தினேன். “ஏங்க இவ்வளவு கோவம்?” என்றார். “இது பாதி உங்களுக்கு இல்ல, பழைய பாக்கி” என்றேன். அப்புறம் என் எண்ணைப் பத்து இலக்கமும் மூன்று தடவை சொல்ல வைத்தேன். இரண்டாவது தடவை தப்பாகச் சொன்னார்.

மே 20

இதை எழுதலாமா வேண்டாமா என்று ஆறு நாளாக யோசித்தேன்.

ஏப்ரல் 17-ல் ஃப்ளெக்ஸ் கதையை எழுதிவிட்டு ‘அதுவரை எனக்கு ஒன்றும் தெரியாது’ என்று முடித்தேன். பொய். தெரியும்.

துபாயில் அவருக்கு வெள்ளிக்கிழமை விடுமுறை, வாராவாரம் அன்றைக்குப் பேசுவார். 2013 தொடக்கத்தில் ஒரு மணி நேரம் அரைமணி ஆனது, அப்புறம் பத்து நிமிடம். அம்மா எப்படி இருக்கிறார் என்று கேட்பதை விட்டார். ஆடிக்குப் பிறகு போனே இல்லை. ஐப்பசியில் ராமநாதபுரம் பேருந்து நிலையத்தில் அவரைப் பார்த்தேன். ஊருக்கு வந்திருக்கிறார், எனக்குச் சொல்லவில்லை. கையில் ஜவுளிக்கடைப் பை. நான் பேருந்துக்குள் ஜன்னலோரம் இருந்தேன். அவர் என் பக்கம் திரும்பியபோது நான் குனிந்துகொண்டேன்.

நான் குனிந்தேன். அவர் ஒளியவில்லை.

இறங்கிப் போய்க் கேட்டிருந்தால் அன்றைக்கே முடிந்திருக்கும். கேட்கவில்லை. வீட்டுக்கு வந்து, வேலைப்பளுவாக இருக்கும், ஆச்சரியப்படுத்த வந்திருப்பார் என்றெல்லாம் நானே எனக்குச் சொல்லிக்கொண்டேன். மூன்று மாதம் கழித்து ஃப்ளெக்ஸ் வந்தது. ஊருக்கு முன்னால் ‘தெரியாமல் ஏமாந்தாள்’ என்ற பெயர் எனக்கு வசதியாக இருந்தது. தெரிந்தே உட்கார்ந்திருந்தாள் என்றால் யாரும் பாவம் பார்க்க மாட்டார்கள்.

ஆனால் அந்த வசதிக்கு ஒரு விலை இருந்தது. ஒன்றுமே தெரியாமல் ஏமாந்தவள் என்றால், எனக்கு ஆள் பார்க்கத் தெரியாது என்றுதானே அர்த்தம்? அடுத்து வருகிறவரையும் தெரியப்போவதில்லை. ஆறு பேரையும் அந்தக் கணக்கில்தான் அனுப்பினேன். அவர்களில் இரண்டு பேர் நல்லவர்கள் என்று அப்போதே தெரிந்தது. அந்தத் தெரிந்ததையும் நான் நம்பவில்லை.

14-ம் தேதி காலையில் போனை வைத்த பிறகு வாசலில் உட்கார்ந்து இதைத்தான் யோசித்தேன். என் கண் 2013-லும் சரியாகத்தான் பார்த்திருக்கிறது. அன்றைக்கு வாய்தான் வரவில்லை. இந்தத் தடவை இரண்டு நாள் பொறுத்தேன், மூன்றாம் நாள் விடிந்ததும் கத்திவிட்டேன்.

மே 21

கடல்பாசி எடுக்கிற பெண்கள் பாறை கீறும் என்று தெரிந்துதான் விரலில் துணி சுற்றிக்கொண்டு முங்குகிறார்கள் என்று ஒரு அக்கா எழுதியிருக்கிறார். நல்ல உவமை. பத்து ரூபாய்.

மே 27

தொண்டிப் பெண் கேட்டிருக்கிறாள்: “அப்படியென்றால் நானும் தெரிந்தேதான் ஏமாந்தேனா?”

தெரியாது அம்மா. 20-ம் தேதி எழுதியது என் கதை. அதை உன் தலையில் கட்டுவதற்கு எழுதவில்லை. சிலர் உண்மையிலேயே நன்றாகப் பொய் சொல்வார்கள், அதைக் கண்டுபிடிக்காதது யாருடைய குற்றமும் இல்லை. அவசரமாக எழுதியதில் இதை விட்டுவிட்டேன். நீ ஒருமுறை தனியாக உட்கார்ந்து, எந்த நாளில் முதல் சந்தேகம் வந்தது, அன்றைக்கு என்ன செய்தாய் என்று மட்டும் பார். சந்தேகமே வரவில்லை என்றால் அதுவும் ஒரு பதில்தான். புதியவரிடம் இப்போதே எதுவும் சொல்ல வேண்டியதில்லை. சொல்லாமலே போனாலும் தப்பில்லை. மறுபடி காதலித்தே ஆக வேண்டும் என்று ஒன்றும் சட்டம் கிடையாது.

சட்டம் என்றதும், பதிவுத் திருமணம் பற்றிக் கேட்டவருக்கு: 1954-ம் வருடத்துச் சிறப்புத் திருமணச் சட்டத்தில் இருவரில் ஒருவராவது அந்த மாவட்டத்தில் குறைந்தது 30 நாள் குடியிருந்திருக்க வேண்டும். அறிவிப்புக் கொடுத்தால் அலுவலகப் பலகையில் ஒட்டுவார்கள், அதிலிருந்து 30 நாள் காத்திருக்க வேண்டும். எதற்கு இவ்வளவு விவரம் தெரிந்து வைத்திருக்கிறாய் என்று கேட்காதீர்கள்.

அவர் என்ன சாதி என்று தனியாகச் செய்தி அனுப்பிய மூன்று பேருக்கும்: வெல்டர்.

அவருடைய விவாகரத்துக்கு என்ன காரணம் என்று கேட்டவருக்கு: நானும் கேட்டேன், பழகிய மூன்றாம் மாதமே. “வேலை வேலைன்னு ஊர் ஊராப் போனேன், அவங்க கூப்பிட்டுக் கூப்பிட்டு அலுத்துட்டாங்க” என்றார். முன்னாள் மனைவியைக் குறை சொல்லியிருந்தால் அன்றைக்கே ஐஸை நிறுத்தியிருப்பேன். ஆனால் அந்தப் பதில் என்னை இன்றைக்கும் உறுத்துகிறது. அவர் இன்னமும் ஊர் ஊராகத்தான் போகிறார். இதை அவரிடமே சொல்லியிருக்கிறேன். பதில் இல்லை, யோசிக்கிறேன் என்றார். யோசிக்கட்டும்.

ஜூன் 3

வேலை இல்லாததால் அம்மாவுக்கு ஒத்தாசை. அம்மா மல்லிகை நாற்றுப் போடுகிறவள். தங்கச்சிமடத்து நாற்று எங்கெங்கோ போகிறது தெரியுமா? முற்றியும் முற்றாததுமான குச்சியாகப் பார்த்து வெட்டி, மணல் பாத்தியில் நெருக்கி ஊன்றி, தினமும் தண்ணீர் தெளிக்க வேண்டும். வேர் பிடித்ததா என்று இழுத்துப் பார்க்கக் கூடாது. இழுத்தால் பிடித்த வேரும் போய்விடும். நான் சின்ன வயதில் இழுத்துப் பார்த்து அடி வாங்கியிருக்கிறேன்.

இன்றைக்குக் குச்சி ஊன்றிக்கொண்டே அம்மாவிடம் சங்கிலி விஷயத்தைச் சொன்னேன், அவர் கேட்கவில்லை, நான்தான் கொடுத்தேன் என்று. அம்மா நிமிரவில்லை. “தெரியும். கழுத்துல இருந்து பிடுங்குனா தழும்பு இருக்கும்ல” என்றாள். பதினோரு வருடமாக அவளுக்கும் தெரிந்திருக்கிறது.

மல்லிகை உவமைக்கும் அபராதம் போட வேண்டும் என்று மனு வரும். இது உவமை இல்லை, விவசாயக் குறிப்பு.

ஜூன் 17

தடை முடிந்தது, படகுகள் போய் வந்துவிட்டன. காலை நாலு மணியிலிருந்து வாசலில் வண்டி வரிசை. ஐஸ் உடைக்கிற மிஷின் நின்றுவிட்டால் என்னைத்தான் திட்டுகிறார்கள். இனி முன்பு போல எழுத முடியாது.

அவர் வெள்ளிக்கிழமை வருகிறார், நாலு நாள் விடுப்பு. ரயிலில், அவரே பற்ற வைத்த பாலத்தின் மேல். அம்மாவைப் பார்க்கத்தான் வருகிறார், வேறு எதுவும் முடிவாகவில்லை. ஊர் ஊராகப் போகிற விஷயத்துக்கு நேரில் பதில் சொல்வதாகச் சொல்லியிருக்கிறார். பதில் பிடிக்காவிட்டால் என்ன செய்வேன் என்று எனக்கே தெரியாது. அம்மா இரண்டு நாளாக ஒரே யோசனை. “நண்டு வேணாம், முதத் தடவ வீட்டுக்கு வாராக, கையில எடுத்துக் கடிக்கக் கூச்சப்படுவாக” என்கிறாள். மீன்தான் என்று முடிவாகியிருக்கிறது. பொரிப்பதா குழம்பா என்று கேட்டுச் சொல்லச் சொன்னாள். இன்று ராத்திரி கேட்க வேண்டும்.

சித்தி மகன் காலையில் வந்தான். அதே ஆள், இப்போது தொப்பை போட்டிருக்கிறது. எப்படியோ செய்தி போயிருக்கிறது. “அக்கா, நாள் குறிச்சா சொல்லு, ஃப்ளெக்ஸ் நம்ம செலவு, எத்தனை அடி வேணும்?” என்றான். நாளே குறிக்கவில்லை, அடி கேட்கிறான். வைத்தாலும் வாழ்த்துவோர் வரிசையில் உன் முகம் கிடையாது என்றேன். “கூலிங்கிளாஸ் இல்லாமலாவது?” என்கிறான்.

அபராதம் மொத்தம் 130 ரூபாய். இருபது என்னுடையது, எந்த இருபது என்று தேடிக் கண்டுபிடியுங்கள். வண்டிக்காரர் ஹாரன் அடிக்கிறார், பன்னிரண்டு கட்டி உடைக்கணும்.